கட் சொன்னவரும் காசு கொடுத்தவரும்: ஒரு தயாரிப்பாளர்-இயக்குநரின் நிகழ்வு ஆய்வு

இதில் வருபவர் சென்னையில் சின்னத்திரையிலும் சினிமாவிலும் முப்பது ஆண்டுகளுக்கு மேல் உழைத்தவர். 1997 முதல் 2011 வரை அவருடைய கம்பெனியில் கணக்கும் படப்பிடிப்பு நிர்வாகமும் என் பொறுப்பில் இருந்தன. எழுதி முடித்ததும் அவரிடம் கொடுத்தேன். ஆட்கள், தொடர்கள், படம், சேனல் எதற்கும் பெயர் வேண்டாம் என்றார். தொகைகளை எடுத்துவிடட்டுமா என்று கேட்டேன். "தொகையை எடுத்துட்டா இதுல என்னப்பா இருக்கு?" என்றார். அதனால் தொகைகள் அப்படியே இருக்கின்றன. அவரை இங்கே இயக்குநர் என்றே குறிப்பிடுகிறேன்.

பின்னணி

காவிரிக் கரையில் ஒரு சிற்றூர். பள்ளி நாடகம், பிறகு சபா நாடகம், 1982-ல் கோடம்பாக்கம். ஏழு ஆண்டுகள் உதவி இயக்குநர். கிளாப் அடிப்பதில் தொடங்கி, ஷாட்டுக்கு ஷாட் உடையும் பொருளும் மாறாமல் பார்க்கும் கன்டின்யூட்டி நோட்டு எழுதி, கடைசியில் வசனத்தைத் திருத்தும் இடம் வரை வந்தார். தனிப்படம் கிடைக்கவில்லை. அந்தக் காலத்தில் இது புதிய கதை அல்ல. வடபழனி டீக்கடைகளில் இப்படி நூறு பேர் உட்கார்ந்திருப்பார்கள்.

அவருக்குக் கதவு திறந்தது தொலைக்காட்சியில். சென்னைத் தூர்தர்ஷன் 1975-லேயே வந்துவிட்டது என்றாலும், விளம்பரதாரர் தயவில் வெளியாட்கள் தொடர் எடுப்பது எண்பதுகளின் பின்பாதியில்தான் சூடுபிடித்தது. பெரும்பாலும் 13 வாரத் தொடர்கள். தயாரிப்பாளர் தூர்தர்ஷனுக்குக் கட்டணம் கட்டுவார். பதிலுக்குக் கிடைக்கும் விளம்பர விநாடிகளை விற்றுச் செலவை எடுப்பார். 1989-ல் அப்படி ஒரு தொடரை நம் இயக்குநர் சம்பளத்துக்கு எடுத்துக் கொடுத்தார். சொன்ன நாளில், சொன்ன காசில் முடித்தார். அந்தப் பெயர்தான் அடுத்த பத்தாண்டுக்கு அவருக்குச் சோறு போட்டது.

நேரத்தை வாங்கியவர்

1993 ஏப்ரலில் சன் டிவி தொடங்கியது. அடுத்தடுத்து மற்ற தனியார் சேனல்கள் வந்தன. நேரம் நிறைய இருந்தது, நிகழ்ச்சி இல்லை. 1997-ல் ஒரு சேனலில் வாரத்துக்கு அரை மணி நேர ஸ்லாட் ஒன்றை அவர் தன் பெயரிலேயே வாங்கினார். நான் சேர்ந்தது அப்போதுதான்.

ஸ்லாட் வியாபாரம் வெளியிலிருந்து பார்க்க எளிது. ஒவ்வொரு எபிசோடுக்கும் சேனலுக்கு ஒளிபரப்புக் கட்டணம் கட்ட வேண்டும். அந்த அரை மணியில் நமக்கென்று சில நிமிட விளம்பர நேரம் உண்டு. பத்து விநாடி இத்தனை ரூபாய் என்று அதை விற்று, கட்டணத்தையும் படப்பிடிப்புச் செலவையும் எடுத்தது போக மிஞ்சுவது லாபம். சிக்கல் தேதியில் இருந்தது. சேனலுக்கு முன்கூட்டியே கட்ட வேண்டும். விளம்பர ஏஜென்சி இரண்டு மூன்று மாதம் கழித்துத்தான் கொடுக்கும். இடையில் ஓடுவது முழுக்க நம் கைக்காசு. லாபத்தில் ஓடும் தொடரே காசில்லாமல் நிற்கும் மாதங்கள் வரும். புதிதாக வந்தவர்கள் பலர் விழுந்தது தொடர் ஓடாததால் அல்ல, இந்த இடைவெளியில்தான்.

இயக்குநர் அப்போது எடுத்த முடிவு இன்றைக்கும் சரியென்றே படுகிறது. முதல் தொடர் 52 வாரம் ஓடியது. அதில் மிஞ்சியதை வீட்டுக்கு எடுக்காமல், மூன்று மாத ஒளிபரப்புக் கட்டணத்துக்கு ஈடான தொகையைத் தனியாக வைத்தார். அடுத்த வாரத் தொடரும் நன்றாகப் போனது. 2000-ல் தினத்தொடருக்கு வாய்ப்பு வந்தபோது பலர் தயங்கினார்கள், இவர் தயங்கவில்லை. கையில் அந்தத் தொகை இருந்தது.

வாரத்துக்கு ஐந்து எபிசோட், ஒவ்வொன்றும் 22 நிமிடம். மாதத்தில் 18 நாள் படப்பிடிப்பு. வளசரவாக்கத்தில் ஒரு ஷூட்டிங் வீடு. கீழ்த்தளம் மாமியார் வீடு, மாடி சம்பந்தி வீடு, மொட்டை மாடி போலீஸ் ஸ்டேஷன். காலையில் வசனகர்த்தாவிடமிருந்து சீன் பேப்பர் வரும், மை காயாமல். எபிசோட் இயக்கத்தை இன்னொருவருக்குக் கொடுத்துவிட்டு இவர் கதையையும் எடிட்டிங்கையும் மட்டும் பார்த்தார். எபிசோட் இயக்குநர் இரவு பத்து மணிக்கு இன்னொரு கிரேன் ஷாட் கேட்டால், "வேணாம்ப்பா, க்ளோஸ்ல முடி" என்று சொல்ல இவர் இருந்தார். அப்போது இந்தச் சின்ன விஷயத்தை நான் கவனிக்கவில்லை.

கணக்கில் கண்டது

2005 வாக்கில் கம்பெனியில் நாற்பது பேர் சம்பளம் வாங்கினோம். ஒரு தினத்தொடர், ஒரு வாரத் தொடர். வாராவாரம் டி.ஆர்.பி., அதாவது எத்தனை பேர் பார்த்தார்கள் என்ற கணக்கு, வரும் நாளில் அலுவலகத்தில் யாரும் சத்தமாகப் பேச மாட்டோம்.

எல்லா வரவுசெலவும் ஒரே வங்கிக் கணக்கில் நடந்தது. மூன்று மாதக் கட்டணம் என்று ஒதுக்கிய தொகையும் அதே கணக்கில்தான் கிடந்தது. தனியாக இருக்கிறது என்பது என் நோட்டில் ஒரு கோடு மட்டுமே. சேனல் ஒப்பந்தங்களை அவர் படிப்பதே இல்லை. காகிதம் வந்தால் எங்கே கையெழுத்து என்று கேட்பார். இரண்டையும் வாயால் சொன்னேன். எழுத்தில் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் கேட்டிருப்பாரா தெரியாது, ஆனால் ஒரு மேனேஜர் செய்ய வேண்டிய வேலை அது.

மூன்றாவதை நான் கண்டதே பிறகுதான். கம்பெனியில் அவரிடம் "முடியாது" என்று சொல்லக்கூடிய ஆள் ஒருவர்கூட இல்லை.

படம்

2008-ல் அவருக்கு 48 வயது. இருபத்தாறு ஆண்டுக்கு முன் எதற்காக ஊரிலிருந்து வந்தாரோ அதைச் செய்துவிட வேண்டும் என்றார். கதை அவருடையது, நன்றாகவே இருந்தது. வெளித் தயாரிப்பாளர் ஒருவர் எடுக்க முன்வந்தார். கதாநாயகனை மாற்றச் சொன்னார். இயக்குநர் மறுத்துவிட்டுத் தானே தயாரிப்பது என்று முடிவெடுத்தார். தினத்தொடர் அப்போது நல்ல நிலையில் இருந்தது. அதன் பலத்தில்தான் இந்தத் துணிச்சல்.

திட்டம் இது: மொத்தம் ஒரு கோடியே 90 லட்சம். தொடரிலிருந்து 60, விநியோகஸ்தர் அட்வான்ஸ் 50, ஃபைனான்ஸ் 80. ஃபைனான்ஸ் மூன்று வட்டி, அதாவது நூறுக்கு மாதம் மூன்று ரூபாய். ஆறு மாத வட்டியை முதலிலேயே பிடித்துக்கொண்டதில் 2008 ஆகஸ்டில் கைக்கு வந்தது 65 லட்சத்து 60 ஆயிரம். ஆறு மாதத்தில் படம் வெளிவந்துவிடும் என்பது கணக்கு.

பிணையாக மூன்று கொடுத்தோம். லேப் லெட்டர்: நெகட்டிவ் கிடக்கும் லேப், ஃபைனான்சியர் சம்மதம் இல்லாமல் பிரிண்டை வெளியே விடாது என்பதற்கான கடிதம். தொகை எழுதாத காசோலைகள். மூன்றாவதாக, தினத்தொடருக்கு ஏஜென்சிகளிடமிருந்து வர வேண்டிய பாக்கி. இந்த மூன்றாவதைக் கொடுத்த அன்று படமும் தொடரும் ஒரே கயிற்றில் கட்டப்பட்டன. படத்துக்குத் தனிக் கம்பெனி தொடங்கலாம் என்று நான் சொன்னேன். "ரெண்டு ஆடிட்டர் ஃபீஸ் யார் குடுக்கிறது?" என்று சிரித்தார்.

ஃபைனான்சியர் நான்காவதாக ஒன்று கேட்டார்: விருகம்பாக்கம் வீட்டுப் பத்திரம். வீடு மனைவி பேரில் இருந்தது. இயக்குநர் சார்பில் கேட்கப் போனது நான். அவர் மனைவி காபி கொடுத்துவிட்டுச் சொன்னார்: "அண்ணா, நகை வேணும்னா எடுத்துட்டுப் போங்க. பத்திரத்த மட்டும் கேக்காதீங்க." அதற்கு மேல் பேச்சில்லை. பத்திரம் இல்லாமலே ஃபைனான்ஸ் வந்தது. இந்த முழு நிகழ்விலும் எடுக்கப்பட்ட மிகச் சிறந்த முடிவு அதுதான்.

படப்பிடிப்புக்கு 55 நாள் போட்டிருந்தோம், 92 நாள் ஆனது. நாளைக்கு 22 நிமிடம் எடுத்துப் பழகிய மனிதர் நாளைக்கு ஒன்றரை நிமிடம் எடுத்தார். அதற்குக் காரணம் உண்டு. இருபது வருடம் அவசரத்திலேயே வேலை செய்தவருக்கு, சினிமா என்றால் நிதானமாகச் செய்யும் இடம் என்று ஒரு கனவு இருந்தது. வெளிச்சத்துக்காக அரைநாள் காத்திருந்தார். வீடியோ டேப்பில் ஒரு டேக் கூடுதலாகப் போனால் யாருக்கும் வலிக்காது. 35 மி.மீ. ஃபிலிம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். இரண்டரை மணி நேரப் படத்துக்கு 13,500 அடி போதும். நாங்கள் 60,000 அடி நெகட்டிவுக்குத் திட்டமிட்டு 1,30,000 அடி ஓட்டினோம். தொடரில் "க்ளோஸ்ல முடி" என்று சொன்னவர் இங்கே கேமராவுக்குப் பின்னால் நின்றிருந்தார். அந்த நாற்காலி காலி. நானும் போய் உட்காரவில்லை.

2009 ஏப்ரலில் படப்பிடிப்பு முடிந்தபோது செலவு திட்டத்தைத் தாண்டி 55 லட்சம் போயிருந்தது. அவ்வளவும் தொடரின் கணக்கிலிருந்து. மூன்று மாதக் கட்டணத் தொகை என்று நோட்டில் போட்ட கோட்டுக்குக் கீழே எதுவும் இல்லை.

ஏழு வாரம்

ஜூலையில் தணிக்கை. சுதந்திர தினத்தை ஒட்டி வெளியிடுவது என்று தியேட்டர்கள் பேசியாயிற்று. முதல் குழு படத்தைப் பார்த்துவிட்டு, ஒரு காட்சியைக் குறைத்தால் யு/ஏ (பெரியவர் துணையோடு சிறுவரும் பார்க்கலாம்), இல்லையென்றால் ஏ (பெரியவர்களுக்கு மட்டும்) என்றது. குறைக்க வேண்டியது ஒரு நிமிடத்துக்கும் கீழே.

ஏ சான்றிதழ் பெற்ற படத்தைத் தொலைக்காட்சியில் காட்ட முடியாது. அதாவது சேனல்களுக்கு விற்கும் சாட்டிலைட் உரிமை விலை போகாது. தொலைக்காட்சியிலேயே வாழ்ந்த மனிதருக்கு இதை யாரும் சொல்ல வேண்டியதில்லை. ஆனாலும் மறுதணிக்கைக் குழுவுக்குப் போனார். அந்தக் காட்சிதான் படத்தின் உயிர் என்று அவர் நம்பினார், அது பொய்யான நம்பிக்கையும் அல்ல. அன்று அலுவலகத்தில் நடந்த பேச்சில் ஒரே ஆள் இரண்டு பேராக வாதாடினார். முதலில் தயாரிப்பாளராக மாத வட்டி 2 லட்சத்து 40 ஆயிரம் என்று எனக்கே கணக்குச் சொன்னார். பிறகு இயக்குநராக எழுந்து போய்விட்டார்.

மறுதணிக்கை முடிய ஏழு வாரம். கிடைத்ததும் ஏ தான். வெட்டு இல்லை என்பது மட்டுமே ஆறுதல். ஆகஸ்ட் தேதி போயிற்று. அடுத்து தீபாவளிக்குப் பெரிய படங்கள் தியேட்டர்களைப் பிடித்துக்கொண்டன. எங்களுக்கு நவம்பர்தான் கிடைத்தது, சென்னையில் அடைமழை மாதம்.

வியாழன் இரவு

அப்போதெல்லாம் வெள்ளிக்கிழமை படம் வெளியாக வேண்டும் என்றால் வியாழன் இரவு லேபில் கணக்குத் தீர வேண்டியிருந்தது. இது கோடம்பாக்கத்தில் பலருக்குப் பழகிய இரவு. மாலை ஆறு மணிக்கு உட்கார்ந்தோம். பிரிண்ட் பெட்டிகள் வராந்தாவில் ஊர்ப்பெயர் எழுதி அடுக்கி இருந்தன. திருநெல்வேலி பெட்டிக்குப் பஸ் ஒன்பதரைக்கு.

பாக்கி: அசல் 80, பிடித்தது போக ஒன்பது மாத வட்டி 21 லட்சத்து 60 ஆயிரம். ஆக ஒரு கோடியே ஒரு லட்சத்து 60 ஆயிரம். விநியோகஸ்தர்கள் பாக்கியாக 70 லட்சம் கொண்டுவர வேண்டும்; ஏ சான்றிதழையும் மழையையும் காட்டி 29 கொண்டுவந்தார்கள். இரவு ஒரு மணி சுமாருக்கு முடிவானது இது: 29 லட்சம் ரொக்கம் ஃபைனான்சியருக்கு. சாட்டிலைட் உரிமையும் இந்தி டப்பிங் உரிமையும் 25 லட்சத்துக்கு அவருக்கே. மீதி 47 லட்சத்து 60 ஆயிரத்துக்கு, மேல்வட்டி இல்லாமல், தொடரின் கணக்கிலிருந்து 17 காசோலை, மாதம் ஒன்று.

அந்தக் காகிதத்தை எழுதியது நான். எழுதும்போது ஒரு வரி சேர்த்தேன்: சாட்டிலைட் உரிமை 25-க்கு மேல் விற்றால் மேல்தொகையில் பாதி பாக்கியில் கழியும். ஏ படத்துக்கு யார் அவ்வளவு தரப்போகிறார்கள் என்று ஃபைனான்சியர் சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டார். திருநெல்வேலி பெட்டி மறுநாள் மதியக் காட்சிக்குத்தான் போய்ச் சேர்ந்தது.

படத்துக்குப் பத்திரிகைகளில் நல்ல பெயர். இரண்டாவது வாரம் பெரும்பாலான ஊர்களில் எடுத்துவிட்டார்கள்.

தொடர்ந்து வந்தவை

படம் தோற்றதால் கம்பெனி மூடவில்லை. அந்தக் காசோலைகள் தொடரை மெல்ல மெல்லத் தின்றன. மாதம் 2 லட்சத்து 80 ஆயிரம் வெளியே போனதால் படப்பிடிப்பை 18 நாளிலிருந்து 13 நாளாகக் குறைத்தோம். சம்பளம் அதிகம் வாங்கிய இரண்டு கதாபாத்திரங்கள் திடீரென்று அமெரிக்கா போனார்கள். மொட்டை மாடியில் போலீஸ் ஸ்டேஷனே மூடப்பட்டது. பார்க்கிறவர்களுக்குத் தெரியாதா? டி.ஆர்.பி. இறங்கியது, ஏஜென்சிகள் விநாடி விலையைக் குறைத்தன. 2010 ஆகஸ்டில் ஸ்லாட் கைவிட்டுப் போனது.

ஒன்பது காசோலை பாஸாகியிருந்தது, எட்டு மீதி. பத்தாவது திரும்பியது. காசோலை திரும்பினால் அது கிரிமினல் வழக்கு. நோட்டீஸ் கைக்கு வந்தபின் பதினைந்து நாள்தான் அவகாசம். வழக்காகும் முன் இயக்குநர் நேரில் போய்ப் பேசினார். தன் நேர்மையைத் தவிர காட்ட அப்போது அவரிடம் வேறெதுவும் இல்லை. ஃபைனான்சியர் தவணையை நீட்டினார். அவரை வில்லனாக எழுத என்னால் முடியாது. மூன்று வட்டி என்று சொல்லிக் கொடுத்தார், மூன்று வட்டிதான் கேட்டார்.

இயக்குநர் மற்றவர்களின் தொடர்களுக்கு எபிசோட் இயக்குநராகப் போனார். தான் ஒரு காலத்தில் இன்னொருவருக்குக் கொடுத்த அதே வேலை. சேனல்களும் மாறிக்கொண்டிருந்தன, நேரத்தை விற்பதை விட்டு, தாங்களே செலவைக் கொடுத்து எடுக்கச் சொல்லும் முறை பெருகியது. காசு நெருக்கடி குறைந்தது, உரிமை சேனலோடு போனது. 2011-ல் நானும் வேறு வேலைக்குப் போனேன். நாற்பது பேரில் ஆறு பேருக்குக் கடைசி மாதச் சம்பளம் தர முடியவில்லை. அதை அவர் 2013 வரை கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்து முடித்தார்.

2012-ல் ஃபைனான்சியர் ஆள் அனுப்பினார். ஒரு நிமிடத்துக்கும் குறைவான அந்தப் பகுதியை வெட்டி மறுபடி தணிக்கைக்குக் கொடுக்க, தயாரிப்பாளர் கையெழுத்து வேண்டும். இயக்குநர் பேசாமல் போட்டுக் கொடுத்தார். யு/ஏ கிடைத்து, படம் 45 லட்சத்துக்கு ஒரு சேனலுக்குப் போனது. நான் சேர்த்த வரியால் பத்து லட்சம் பாக்கியில் கழிந்தது. 2014-ல் கடன் முடிந்து மிச்சக் காசோலைகள் திரும்பி வந்தன. படம் ஒரு ஞாயிறு மதியம் ஒளிபரப்பானபோது அவர் வீட்டில்தான் இருந்தேன். அந்த இடம் வந்ததும், "ஜம்ப் தெரியுது பாத்தியா?" என்றார். எனக்குத் தெரியவில்லை.

டேப்புகள்

2013-ல் ஒரு வழக்கறிஞர் பழைய ஒப்பந்தங்களைப் பார்த்தார். முதல் இரண்டு வாரத் தொடர்களின் ஒப்பந்தத்தில் உரிமை எத்தனை ஆண்டுக்கு என்றே எழுதவில்லை. காலம் குறிப்பிடாத உரிமை மாற்றத்தை ஐந்து ஆண்டுக்கு என்றே பதிப்புரிமைச் சட்டம் எடுத்துக்கொள்கிறது. ஆக அந்த இரண்டும் இயக்குநரிடமே திரும்பியிருந்தன. தினத்தொடரில் உலகம் முழுதும், எல்லா வடிவிலும், நிரந்தரமாக என்று தெளிவாக இருந்தது. கீழே அவர் கையெழுத்து.

உரிமை வந்தது. டேப்புகள் ஜாபர்கான்பேட்டையில் ஒரு குடோனில் தரைத்தளத்தில் கிடந்தன. அவற்றை டிஜிட்டலுக்கு மாற்ற ஒரு மதிப்பீடு வாங்கினார், பிறகு பார்க்கலாம் என்று தள்ளினார். 2015 டிசம்பர் வெள்ளத்தில் குடோனுக்குள் தண்ணீர் நின்றது. கீழ் அலமாரிகள் முழுக்கப் போயின. இரண்டாவது தொடரில் நடுநடுவே எபிசோடுகள் இல்லை.

2020 மார்ச்சில் கொரோனாவால் படப்பிடிப்புகள் நின்றபோது சேனல்கள் பழைய தொடர்களைத் தேடி எடுத்து ஒளிபரப்பின. இயக்குநரிடமும் விசாரித்தார்கள். அவர்கள் கேட்டது இரண்டாவது தொடரை; ஓட்டை விழுந்த தொடர் யாருக்கும் பயன்படாது. மேல் அலமாரியில் தப்பிய 52 வாரத் தொடரை இணையத்தில் வெளியிட ஒரு நிறுவனம் சிறு தொகைக்கு வாங்கிக்கொண்டது.

மறுபடி செய்தால்

படம் எடுத்ததைத் தவறென்று நான் சொல்ல மாட்டேன். தொடரின் ஏஜென்சி பாக்கியைப் பிணையாக வைத்தது தவறு. படத்துக்குத் தனிக் கம்பெனியும் தனிக் கணக்கும் இருந்திருந்தால், படம் விழுந்த பிறகும் தொடர் ஓடியிருக்கும், நாற்பது பேரும் வேலையில் இருந்திருப்பார்கள். இரண்டாவது ஆடிட்டர் ஃபீஸ் எவ்வளவு என்று இப்போது சொல்லவே கூச்சமாக இருக்கிறது.

ஒருவரே இயக்கித் தயாரிக்கும் படத்தில் செலவை நிறுத்தும் அதிகாரம் எழுத்தில் வேறொருவருக்கு இருக்க வேண்டும். சம்பளம் வாங்கும் மேனேஜரால் அது முடியாது, என்னால் முடியவில்லை. காசு போட்ட கூட்டாளியாக இருக்கலாம், மனைவியாகவும் இருக்கலாம். தணிக்கையில் என்ன சான்றிதழ் வந்தால் என்ன செய்வது என்பதைப் படம் தொடங்கும் முன்பே முடிவு செய்து எழுதி வைத்திருக்க வேண்டும். தேதி தலைக்கு மேல் நிற்கும்போது எடுக்கிற முடிவு அல்ல அது. டேப்புகளைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை: தரையில் வைத்தோம்.

இயக்குநர் இன்னும் வேலை செய்கிறார், ஒரு தினத்தொடரில் கதை மேற்பார்வை. தணிக்கை பற்றி நான் சொல்வதை அவர் ஏற்கவில்லை; இன்றைக்கும் மறுதணிக்கைக்குத்தான் போவேன் என்கிறார். இந்தக் கட்டுரையைப் படித்துவிட்டு ஒரே ஓர் இடத்தில் பென்சிலால் வட்டம் போட்டுத் திருப்பிக் கொடுத்தார். தணிக்கைப் பகுதிக்கு நான் முதலில் வைத்த தலைப்பு ஆறு வாரம். பக்கத்தில் எழுதியிருந்தார்: "ஆறு இல்ல, ஏழு. வட்டி கட்டினது நான்." மாற்றிவிட்டேன்.